வீட்டுக் கடனுக்கு மொத்தம் எவ்வளவு கட்டப் போகிறீர்கள்? கையெழுத்துக்கு முன் போட வேண்டிய கணக்கு

வீட்டுக் கடன் வாங்கும் யாரிடமும் மாதத் தவணை எவ்வளவு என்று கேட்டுப் பாருங்கள், ரூபாய் பிசகாமல் சொல்வார்கள். கடன் முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பீர்கள் என்று கேட்டால் பதில் வராது. வங்கியிலும் அதை யாரும் தானாக எடுத்துச் சொல்வதில்லை. 2022-ல் வட்டி ஏறத் தொடங்கியபோது எங்கள் கடனில் தவணைத் தொகையைத் தொடாமல் காலத்தை மட்டும் நீட்டிவிட்டார்கள். வந்தது ஒரு குறுஞ்செய்தி. எத்தனை தவணை கூடியது என்று அதில் ஒரு வரிகூட இல்லை. அதைத் தெரிந்துகொள்ள கிளைக்கு அலைந்து, ஸ்டேட்மென்ட் வாங்கி, எக்செல்லில் போட்டுப் பார்த்துக் கற்றதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன். புதிதாக வாங்கப் போகிறவர்கள் இந்த அலைச்சல் இல்லாமல் தெரிந்துகொள்ள வேண்டும்.

உதாரணத்துக்கு ஒரே கணக்கை எடுத்துக்கொள்வோம்: தமிழ்நாட்டில் 62.5 லட்சம் ரூபாய்க்கு ஒரு வீடு. அதற்கு 50 லட்சம் கடன், மாறும் வட்டி 8.5 சதவீதம், 20 வருடம். உங்கள் தொகை வேறாக இருக்கும். கணக்கின் போக்கு இதேதான்.

1. கடனில் சேராத பணத்தை முதலில் எண்ணுங்கள்

ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சம் வரையான கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 சதவீதம் வரையும், 30 முதல் 75 லட்சம் வரை 80 சதவீதமும், அதற்கு மேல் 75 சதவீதமும் தரலாம். இந்த மதிப்பில் பத்திரச் செலவு சேராது (10 லட்சத்துக்கு உட்பட்ட வீடுகளுக்கு மட்டும் விலக்கு). ஆகவே 12.5 லட்சம் கைப்பணம் இருந்தால் போதும் என்று கிளம்பினால் சார்பதிவாளர் அலுவலகத்தில் மாட்டிக்கொள்வீர்கள்.

பழைய வீடோ மனையோ வாங்கினால் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். வழிகாட்டி மதிப்பு (அரசு அந்த இடத்துக்கு நிர்ணயித்த விலை), பத்திரத்தில் போடும் விலை இரண்டில் எது அதிகமோ அதன்மேல். 62.5 லட்சத்துக்கு 5,62,500 ரூபாய். பில்டரிடம் புது ஃபிளாட் முதல் விற்பனையாக வாங்கினால் தீர்வை குறைவு: 50 லட்சம் வரை 4 சதவீதம், 3 கோடி வரை 5 சதவீதம், கூடவே பதிவுக் கட்டணம் 2 சதவீதம். ஆனால் கட்டிக்கொண்டிருக்கும்போதே வாங்கினால் ஜிஎஸ்டி 5 சதவீதம் உண்டு (குறைந்த விலை வீடுகள் என்ற வகையில் வந்தால் 1 சதவீதம்). கட்டி முடித்து நிறைவுச் சான்று வாங்கிய ஃபிளாட்டுக்கு ஜிஎஸ்டி கிடையாது.

அப்புறம் எம்ஓடி. உங்கள் மூலப் பத்திரங்களை வங்கியிடம் அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம் இது. தமிழ்நாட்டில் இதைப் பதிவு செய்ய வேண்டும். கடன் தொகையில் அரை சதவீதம் தீர்வை, அதாவது 25,000 ரூபாய். பதிவுக் கட்டணம் தனி. வங்கியின் பிராசஸிங் கட்டணம் அரை சதவீதம் என்று வைத்தால் 18 சதவீத ஜிஎஸ்டியோடு 29,500. வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திர எழுத்தர் கூலி, பட்டா மாற்றம், ஃபிளாட் என்றால் கார் பார்க்கிங், சங்கத்துக்கான முன்பணம், மின் இணைப்பு டெபாசிட் என்று ஒவ்வொன்றாக வரும். எல்லாம் சேர்த்தால் வீட்டு விலையில் 30 சதவீதத்துக்குப் பக்கமாகக் கையில் இருக்க வேண்டும்.

இந்த இடைவெளியை அடைக்க தனிநபர் கடன் எடுக்காதீர்கள். அதன் வட்டி வீட்டுக் கடனைவிடக் கணிசமாக அதிகம்; இரண்டு தவணையும் ஒரே சம்பளத்திலிருந்து போகும். பணம் சேரும்வரை ஒரு வருடம் தள்ளிப் போடுவதே மேல்.

விலை 50 லட்சமோ அதற்கு மேலோ என்றால் விற்பவருக்குக் கொடுக்கும் தொகையில் 1 சதவீதத்தை வருமான வரியாகப் பிடித்துக் கட்ட வேண்டியது வாங்கும் உங்கள் பொறுப்பு. இது கூடுதல் செலவு இல்லை, அவர் பணத்திலிருந்துதான் போகிறது. ஆனால் பிடிக்காமல் விட்டாலோ தாமதித்தாலோ வட்டியும் அபராதமும் உங்கள் தலையில்.

2. காகிதங்களைச் சேர்த்த பிறகே அட்வான்ஸ் கொடுங்கள்

உங்கள் பக்கம்: ஆதார், பான், சம்பளச் சீட்டு, ஃபாரம் 16, ஆறு மாத வங்கிக் கணக்கு விவரம், சிபில் அறிக்கை (உங்கள் கடன் வரலாறு). வீட்டின் பக்கம்: கிரயப் பத்திரம், தாய்ப்பத்திரங்கள், 30 வருடத்துக்கான வில்லங்கச் சான்று, பட்டா, சொத்து வரி ரசீது, சிஎம்டிஏ (சென்னைப் பகுதி) அல்லது டிடிசிபி (மற்ற பகுதிகள்) அல்லது உள்ளாட்சி கொடுத்த கட்டட அனுமதி. அடுக்குமாடி என்றால் ரெரா (கட்டுமானத் திட்டங்களை ஒழுங்குபடுத்தும் ஆணையம்) பதிவு எண்ணும், பிரிக்கப்படாத நிலப் பங்கு எவ்வளவு என்பதும்.

காகிதம் சரியாக இருந்தால் இரண்டு மூன்று வாரத்தில் கடன் கைக்கு வரும். ஒரு தாய்ப்பத்திரம் தொலைந்திருந்தாலோ, இறந்தவரின் வாரிசு ஒருவர் கையெழுத்துப் போடாமல் விட்டிருந்தாலோ மாதக்கணக்கில் இழுக்கும். அதனால் விற்பனை ஒப்பந்தத்தில் மூன்று மாதமாவது அவகாசம் வையுங்கள். சொத்தின் பத்திரக் குறையால் வங்கி கடன் மறுத்தால் அட்வான்ஸ் முழுதும் திரும்ப வேண்டும் என்று ஒரு வரி எழுதி வாங்குங்கள். விற்பவர் மறுத்தால், ஏன் மறுக்கிறார் என்று விசாரிக்காமல் பணம் கொடுக்க வேண்டாம்.

3. தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கிப் படியுங்கள்

20 வருடத்துக்கும் மாதவாரியாக எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி என்று காட்டும் பட்டியல் இது. ஒப்பந்தக் கத்தையில் கடைசிப் பக்கங்களில் இருக்கும், இல்லாவிட்டால் கேட்டால் தருவார்கள். நம் உதாரணத்தில் முதல் வரி இப்படி இருக்கும்: தவணை 43,391. வட்டி 35,417. அசல் 7,974.

முதல் வருடம் முழுக்க 5,20,700 ரூபாய் கட்டியிருப்பீர்கள். கடன் குறைந்திருப்பது ஒரு லட்சத்துக்கும் சற்றுக் குறைவு. ஐந்து வருட முடிவில் கட்டியது 26 லட்சம், பாக்கி 44.06 லட்சம். ஐந்து வருடம் கழித்து வீட்டை விற்றுக் கடனை அடைக்கலாம் என்று திட்டமிடுபவர்கள் இந்த ஒரு வரியை நன்றாகப் பார்க்க வேண்டும். இதில் ஏமாற்று எதுவும் இல்லை. பாக்கி அசலுக்குத்தான் வட்டி, ஆரம்பத்தில் பாக்கி அதிகம், அவ்வளவுதான்.

காலத்தை மாற்றினால் என்ன ஆகும் என்று பாருங்கள்:

15 வருடம்: தவணை 49,237, மொத்த வட்டி 38.6 லட்சம்.
20 வருடம்: தவணை 43,391, மொத்த வட்டி 54.1 லட்சம்.
30 வருடம்: தவணை 38,446, மொத்த வட்டி 88.4 லட்சம்.

20-லிருந்து 30-க்குப் போனால் மாதம் 4,945 ரூபாய் குறைகிறது. வட்டி 34 லட்சம் கூடுகிறது. "30 வருடம் போட்டுக்கங்க சார், தவணை குறையும்" என்று கடன் முகவர் சொல்வார். அவர் சொல்வது பொய்யில்லை, பாதி உண்மை.

பணத்தின் மதிப்பு வருடா வருடம் குறைகிறது, சம்பளம் ஏறும், இருபது வருடம் கழித்து 43,000 ரூபாய் பெரிதாகத் தெரியாது என்ற வாதமும் உண்டு. அதில் நியாயம் இருக்கிறது. ஆனால் சம்பளம் ஏறும் என்பது நம்பிக்கை, தவணை என்பது ஒப்பந்தம். என் அபிப்பிராயம்: வேலை உறுதியாக இருந்தால் 15; சந்தேகம் இருந்தால் 20 எடுத்து, கையில் வரும் பணத்தை அவ்வப்போது அசலில் கட்டுங்கள். 30 வருடம் என்பது அது இல்லாமல் கடனே கிடைக்காது என்ற நிலையில் மட்டும்.

எக்செல்லில் பிஎம்டி என்ற ஃபங்ஷனில் மாத வட்டி, மாத எண்ணிக்கை, கடன் தொகை மூன்றையும் கொடுத்தால் தவணை வந்துவிடும். அதை மாதங்களால் பெருக்கிக் கடனைக் கழித்தால் மொத்த வட்டி. ஐந்து நிமிட வேலை, அவசியம் செய்யுங்கள்.

4. வட்டி ஏறினால் என்ன நடக்கும் என்று இப்போதே போட்டுப் பாருங்கள்

எல்லாவற்றையும்விட முக்கியமானது இந்தப் படி. நாங்கள் அடிபட்ட இடமும் இதுதான்.

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ (ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்க வேண்டும். உங்கள் வட்டி என்பது ரெப்போ விகிதமும் வங்கி மேலே வைக்கும் ஸ்பிரெட்டும் சேர்ந்தது. வீட்டு வசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. பெரும்பாலும் தாங்களே நிர்ணயிக்கும் அடிப்படை விகிதத்தை வைத்திருக்கிறார்கள். ஏற்றும்போது வேகமாகவும் இறக்கும்போது மெதுவாகவும் அது நகரலாம். எது உங்கள் கடன் என்று கேட்டுத் தெளிவாக்குங்கள்.

2022 மே தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ 2023 பிப்ரவரியில் 6.5 ஆகிவிட்டது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம். 2025-ல் மறுபடி இறங்கியது. 20 வருடக் கடனில் இந்த ஏற்ற இறக்கம் பல முறை வரும்.

நம் 50 லட்சம் கடனில் ஆரம்பத்திலேயே வட்டி ஒரே ஒரு சதவீதம் ஏறி 9.5 ஆகிறது என்று வையுங்கள். இரண்டு வழி உண்டு. தவணையை 46,607 ஆக்கிக்கொண்டு அதே 240 மாதத்தில் முடிப்பது ஒன்று. தவணையை 43,391-லேயே விட்டுவிட்டுக் காலத்தை நீட்டுவது இன்னொன்று. நீட்டினால் 240 மாதம் 309 மாதம் ஆகிறது. கிட்டத்தட்ட ஆறு வருடம் கூடுதல். மொத்தமாகக் கட்டுவது முதல் வழியில் 1.12 கோடி, இரண்டாவதில் 1.34 கோடி. மாதம் 3,216 ரூபாய் கூடாமல் இருப்பதற்கு 22 லட்சம் விலை.

நீங்கள் எதுவும் சொல்லாவிட்டால் பெரும்பாலும் நடப்பது இரண்டாவதுதான். தவணை மாறாததால் வீட்டில் யாருக்கும் தெரியாது.

இதற்காகவே 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் சேர்த்தா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் தர வேண்டும் என்றிருந்தது; 2025 அக்டோபரிலிருந்து அது வங்கியின் விருப்பம். மூன்று மாதத்துக்கு ஒருமுறை, இதுவரை பிடித்த அசல், வட்டி, தவணைத் தொகை, பாக்கித் தவணைகளின் எண்ணிக்கை, வருட வட்டி எல்லாம் உள்ள அறிக்கை தர வேண்டும். இந்த அறிக்கையில் மற்றதெல்லாம் அப்புறம், பாக்கித் தவணை எண்ணிக்கையை முதலில் பாருங்கள். மூன்று மாதத்துக்கு முன் 228 என்றால் இப்போது 225 இருக்க வேண்டும். கூடியிருந்தால் அன்றைக்கே கிளைக்கு எழுதுங்கள்: "காலத்தைப் பழையபடி வைத்துத் தவணையை மாற்றித் தரவும்." மின்னஞ்சலாகவே அனுப்புங்கள், வாய்ப்பேச்சுக்குச் சாட்சி இருக்காது. வட்டி இறங்கும்போது இதற்கு நேர்மாறாக, தவணையை அப்படியே வைத்துக் காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள்.

ஸ்பிரெட்டிலும் ஒரு கண் வையுங்கள். புதிய வாடிக்கையாளரை இழுக்கக் குறைந்த ஸ்பிரெட் விளம்பரம் செய்வார்கள். பழையவர் பழைய ஸ்பிரெட்டிலேயே கிடப்பார். கேட்டால் ஒரு சிறு கட்டணத்துக்கு மாற்றித் தருவார்கள். கேட்காமல் தரமாட்டார்கள்.

5. கேஎஃப்எஸ் தாளைப் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்

2024 அக்டோபர் 1 முதல் எல்லா சில்லறைக் கடன்களுக்கும் முக்கிய விவரத் தாள், வங்கியில் சொல்லும் பெயரில் கேஎஃப்எஸ், கட்டாயம். அதில் ஏபிஆர் என்று ஒரு எண் இருக்கும். வட்டியோடு பிராசஸிங் கட்டணம், காப்பீடு முதலிய எல்லாவற்றையும் சேர்த்து வருடத்துக்கு எத்தனை சதவீதம் விழுகிறது என்பதுதான் அது. இரண்டு வங்கிகளை ஒப்பிட ஏபிஆரைப் பாருங்கள், விளம்பர வட்டியை அல்ல. இந்தத் தாளில் இல்லாத கட்டணத்தை உங்கள் வெளிப்படையான சம்மதம் இல்லாமல் பின்னால் வசூலிக்கக் கூடாது. உங்களுக்குப் புரியும் மொழியில் தர வேண்டும் என்பதும் விதி. தமிழில் கேளுங்கள், கூச்சப்பட வேண்டாம்.

அதில் காப்பீடு என்று ஒரு பெரிய தொகை இருந்தால் நிறுத்துங்கள். கடனோடு சேர்த்து ஒரே பிரீமியமாக ஆயுள் காப்பீட்டைச் செருகுவது வழக்கம். 1,20,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே ஏற்றினால், 20 வருடத்தில் அதற்கு நீங்கள் கட்டுவது சுமார் 2.5 லட்சம். குடும்பத்துக்குப் பாதுகாப்பு நிச்சயம் வேண்டும்; அதைத் தனி டெர்ம் பாலிசியாக (இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு), வெளியே விசாரித்து எடுங்கள். வங்கி காட்டும் கம்பெனியில்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை.

இன்னொரு சின்ன விஷயம்: காசோலையின் தேதி. பத்திரப்பதிவு தள்ளிப்போனால் வங்கி எழுதிவைத்த காசோலை மேசை டிராயரிலேயே கிடக்கும், வட்டி மட்டும் ஓடத் தொடங்கிவிடும். பணம் கொடுக்கப்படாத நாட்களுக்கு வட்டி போடக் கூடாது என்று 2024 ஏப்ரலில் ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கிறது. முதல் மாத வட்டியை, காசோலை உண்மையில் கைமாறிய தேதியோடு ஒத்துப்பாருங்கள்.

6. கட்டிக்கொண்டிருக்கும் வீடு என்றால் ப்ரீ-இஎம்ஐ

பில்டருக்குத் தவணை தவணையாகப் பணம் போகும். போன தொகைக்கு வட்டி மட்டும் நீங்கள் கட்டுவீர்கள், இதுதான் ப்ரீ-இஎம்ஐ. 30 லட்சம் போயிருந்தால் மாதம் 21,250. இதில் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. கூடவே இப்போது இருக்கும் வீட்டு வாடகை. சாவி ஒரு வருடம் தாமதமானால் இரண்டரை லட்சம் கரைந்திருக்கும், அசல் அப்படியே நிற்கும். முடிந்தால் முழுத் தவணையையே முதலிலிருந்து கட்டும் வழியைக் கேளுங்கள். கட்டட வேலை எந்த நிலையில் இருக்கிறதோ அதற்குத் தக்கபடிதான் பணம் போக வேண்டும். பில்டர் அவசரப்படுத்துகிறார் என்று முன்கூட்டி விடச் சொல்லாதீர்கள்.

7. வரிச் சலுகையை நம்பிக் கணக்குப் போடாதீர்கள்

பழைய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கு வருடம் 2 லட்சம் வரை வட்டிக்கும், மற்ற சேமிப்புகளோடு சேர்ந்த (80சி என்று அறியப்பட்ட) 1.5 லட்ச வரம்புக்குள் அசலுக்கும் கழிவு உண்டு. இப்போது இயல்பாக வரும் புதிய முறையில் சொந்தக் குடியிருப்பின் வட்டிக்குக் கழிவு கிடையாது. நம் உதாரணத்தில் முதல் வருட வட்டியே 4.2 லட்சம்; பழைய முறையிலும் பாதிக்கு மேல் கழிவுக்கு வராது. வரி மிச்சத்துக்காகக் கடனை அடைக்காமல் வைத்திருப்பது பெரும்பாலானவர்களுக்கு நஷ்டம்.

8. முன்கூட்டிக் கட்டுங்கள், அதுவும் சீக்கிரம்

தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. நிலையான வட்டிக் கடனுக்கு இருக்கலாம், ஒப்பந்தத்தைப் பாருங்கள்.

எப்போது கட்டுகிறீர்கள் என்பதில்தான் விஷயம். முதல் வருட முடிவில் ஒரு லட்சம் அசலில் கட்டினால் 11 தவணை குறையும், 3.8 லட்சம் வட்டி மிச்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் வருட முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 51,000. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக, போனஸ் வரும் மாதத்தில் கட்டிவந்தால் கடன் 17 வருடத்துக்குள் முடியும், வட்டியில் சுமார் 10 லட்சம் மிஞ்சும்.

கட்டும்போது "காலத்தைக் குறைக்க" என்று எழுதிக் கொடுங்கள். சும்மா கட்டினால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள், மிச்சமாகும் வட்டி சுருங்கிப்போகும். ஆறு மாதச் செலவுக்கான பணத்தை மட்டும் தொடாதீர்கள். அசலில் போட்ட பணத்தை அவசரத்துக்குத் திரும்ப எடுக்க முடியாது. அப்படி எடுக்கும் வசதி வேண்டுமென்றால் ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக் கடன் உண்டு, வட்டி சற்று அதிகமாக இருக்கலாம்.

வேறு வங்கிக்கு மாற்றினால் புது பிராசஸிங் கட்டணம், புது எம்ஓடி, வக்கீல் செலவு மறுபடி வரும். வட்டி அரை சதவீதமாவது குறைந்து, பத்து வருடத்துக்கு மேல் பாக்கி இருந்தால் மட்டும் யோசிக்கலாம். அதற்கு முன் உங்கள் வங்கியிடமே ஸ்பிரெட்டைக் குறைக்கக் கேளுங்கள். மாறப் போகிறேன் என்று எழுத்தில் கொடுத்தால் பல சமயம் இறங்கி வருவார்கள்.

9. கடைசித் தவணையோடு வேலை முடியாது

கடன் வாங்கும் நாளிலேயே வங்கியிடம் ஒப்படைத்த பத்திரங்களின் பட்டியலைக் கையெழுத்து, முத்திரையோடு வாங்கி வையுங்கள். கடன் முடிந்ததும் இந்தப் பட்டியலை வைத்துத்தான் ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வாங்க முடியும். முழுதும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதம் வங்கியின் பக்கம் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் இருக்கிறது.

நிலுவை இல்லைச் சான்று வாங்குங்கள். எம்ஓடியை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யுங்கள். வங்கி அதிகாரி வர வேண்டியிருக்கும், நாளை முன்கூட்டியே பேசி வையுங்கள். இதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். பத்து வருடம் கழித்து வீட்டை விற்கப் போகும்போது வில்லங்கச் சான்றில் பழைய அடமானம் அப்படியே நிற்கும், அதற்குள் கிளையே வேறு வங்கியோடு இணைந்திருக்கும். பதிவு முடிந்த சில நாளில் வில்லங்கச் சான்றை இணையத்தில் எடுத்துப் பாருங்கள். ஓரிரு மாதம் கழித்து சிபில் அறிக்கையில் கடன் முடிந்ததாகக் காட்டுகிறதா என்றும் பார்த்துவிடுங்கள். ஒரே பிரீமியக் காப்பீடு எடுத்திருந்து கடனைச் சீக்கிரம் முடித்திருந்தால், மீதிக் காலத்துக்கான பிரீமியத்தில் ஒரு பகுதி திரும்பக் கிடைக்குமா என்று காப்பீட்டு நிறுவனத்துக்கு எழுதிக் கேளுங்கள்.